வீட்டுக் கடனின் உண்மை விலை

நூல் வாங்கும்போது அதன் நம்பரையும் எடையையும் பார்க்கிறோம். விதை வாங்கும்போது அதன் முளைப்புத் திறனைக் கேட்கிறோம். நூற்றுக்குப் பத்து ரூபாய் விலை ஏறினால் அடுத்த கடைக்கும் சென்று விசாரிக்கிறோம். ஆனால், வாழ்நாளிலேயே மிகப் பெரிய கொள்முதலாகிய வீட்டைக் கடன் கொண்டு கட்டும்போது நம்மில் பெரும்பாலோர் கேட்பது ஒரே ஒரு கேள்விதான்: "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?"

அக்கேள்வி அவசியமானதே. எனினும் அதற்குக் கிடைக்கும் விடை கடனின் விலையைக் கூறுவதில்லை. மாதந்தோறும் தாங்க வேண்டிய சுமையை மட்டுமே கூறுகிறது. கடனின் விலை, வட்டி வீதத்திலும் ஆண்டுகளின் எண்ணிக்கையிலும் அடங்கியிருக்கிறது. அதனைக் கணக்கிட்டு அறியும் வழியை இப்பாடத்தில் காண்போம். அங்கத்தினர்கள் ஒரு காகிதமும் பென்சிலும் எடுத்துக்கொண்டு படிப்பது நலம்.

அடமானம் என்பது யாது?

போக்கியம், ஒத்தி, அடமானம் ஆகிய சொற்கள் நம் ஊர்களுக்குப் புதியவை அல்ல. போக்கியத்தில், கடன் கொடுத்தவர் நிலத்தையோ வீட்டையோ தம் வசம் வைத்து அனுபவிக்கிறார். அந்த அனுபவமே வட்டிக்கு ஈடாகிறது. இன்றைய வீட்டுக் கடனில் வீடு நம் வசமே இருக்கிறது. பத்திரங்கள் மட்டும் கடன் கொடுத்தவரிடம் செல்கின்றன. உரிமைப் பத்திரங்களை ஒப்படைத்து ஈடு வைக்கும் இம்முறைக்கு 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் இடமளிக்கிறது. கடனை முழுதும் தீர்த்தால் ஈட்டை மீட்கும் உரிமையையும் அச்சட்டமே கடனாளிக்கு வழங்குகிறது.

ஆனால் தவணை தவறுமாயின் நிலைமை வேறு. தவணை 90 நாட்களுக்கு மேல் நிலுவையில் நின்றால் வங்கி அக்கடனை வாராக்கடனாக வகைப்படுத்தலாம். பின்னர் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் அறிவிப்புக் கொடுத்து, நீதிமன்றத் தீர்ப்பின்றியே வீட்டைக் கைக்கொண்டு விற்கும் அதிகாரம் அதற்கு உண்டு. வேளாண் நிலத்தின் மீதான ஈட்டுக்கு இச்சட்டம் பொருந்தாது. குடியிருக்கும் வீட்டிற்குப் பொருந்தும். நெசவாளருக்கு வீடென்பது தறி நிற்கும் தொழிற்கூடமும் ஆகும். வீடு போனால் தொழிலும் உடன் போகும். ஆகவே இக்கணக்கை அறிதல் ஏட்டுப் படிப்பு அன்று, குடும்பத்தின் பாதுகாப்பு.

தவணை எவ்வாறு பிரிகிறது?

ஓர் அங்கத்தினர் ரூ. 10 லட்சம் கடன் பெறுகிறார் எனக் கொள்வோம். வட்டி ஆண்டுக்கு 9 சதவீதம். கெடு 20 ஆண்டுகள். நம் ஊர் வழக்கில் சொன்னால், நூற்றுக்கு மாதம் முக்கால் ரூபாய் வட்டி. "இரண்டு வட்டி", "மூன்று வட்டி" என்று கேட்டுப் பழகிய காதுக்கு முக்கால் வட்டி மிக எளிதாகவே தோன்றும். மாதத் தவணை ரூ. 8,997.

முதல் மாதக் கணக்கைப் பார்ப்போம். ரூ. 10 லட்சத்திற்கு முக்கால் சதவீதம் ரூ. 7,500. இது முழுதும் வட்டி. தவணையில் எஞ்சிய ரூ. 1,497 மட்டுமே அசலில் கழிகிறது. அடுத்த மாதம் அசல் ரூ. 9,98,503, அதற்கு வட்டி ரூ. 7,489, அசலில் கழிவது ரூ. 1,508. இவ்வாறு வட்டி சிறுகச் சிறுகக் குறைய, அசலில் கழியும் பங்கு சிறுகச் சிறுக வளர்கிறது. தவணை மாறுவதில்லை, அதன் உட்பிரிவு மட்டும் மாதந்தோறும் மாறுகிறது.

முதல் ஆண்டு முடிவில் நம் அங்கத்தினர் கட்டியிருப்பது ஏறத்தாழ ரூ. 1,07,970. அதில் அசலில் கழிந்தது ரூ. 18,730 மட்டுமே. ஐந்து ஆண்டுகள் சென்றபின் கட்டிய தொகை ரூ. 5,39,840, இன்னும் நிற்கும் பாக்கி ரூ. 8,87,070. பத்து ஆண்டுகள், அதாவது கெடுவில் சரிபாதி கடந்த பின்னும் பாக்கி ரூ. 7,10,260. வாங்கிய கடனுக்கு மேலாகவே, ரூ. 10,79,670 கட்டியாயிற்று, ஆயினும் கடனில் பத்தில் ஏழு பங்கு அப்படியே நிற்கிறது! அசலில் பாதி தீர்வது 14-ஆம் ஆண்டின் முடிவிலேதான்.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை என்பதையும் நாம் உணர வேண்டும். நின்ற பாக்கிக்கு மட்டுமே வட்டி கணக்கிடப்படுகிறது. தொடக்கத்தில் பாக்கி பெரிது. ஆகவே வட்டியும் பெரிது. குறை கணக்கில் இல்லை. கணக்கை முன்பே பாராமல் இருப்பதில்தான் உள்ளது.

ஆண்டுகளின் விலை

அதே ரூ. 10 லட்சம், அதே 9 சதவீத வட்டி. கெடுவை மட்டும் மாற்றிப் பார்ப்போம்.

10 ஆண்டுகள்: மாதத் தவணை ரூ. 12,668, மொத்த வட்டி ரூ. 5,20,110.
15 ஆண்டுகள்: மாதத் தவணை ரூ. 10,143, மொத்த வட்டி ரூ. 8,25,680.
20 ஆண்டுகள்: மாதத் தவணை ரூ. 8,997, மொத்த வட்டி ரூ. 11,59,340.
25 ஆண்டுகள்: மாதத் தவணை ரூ. 8,392, மொத்த வட்டி ரூ. 15,17,590.
30 ஆண்டுகள்: மாதத் தவணை ரூ. 8,046, மொத்த வட்டி ரூ. 18,96,640.

இப்பட்டியலை இருமுறை படிக்க வேண்டுகிறோம். கெடுவை 20 ஆண்டிலிருந்து 30 ஆண்டாக நீட்டினால் மாதச் சுமை குறைவது ரூ. 951 மட்டுமே, மொத்த வட்டி கூடுவதோ ரூ. 7,37,300. மாறாக, 20 ஆண்டை 15 ஆண்டாகச் சுருக்கினால் மாதம் ரூ. 1,146 கூடுதலாகக் கட்ட வேண்டும், வட்டியில் ரூ. 3,33,660 மிஞ்சுகிறது. கெடு நீள நீளத் தவணை குறையும் அளவு சிறுத்துக்கொண்டே போகிறது. வட்டி கூடும் அளவோ பெருகிக்கொண்டே போகிறது. "தவணையைக் குறைத்துத் தருகிறோம்" என்று எவரேனும் கூறின், "எத்தனை ஆண்டுகளைக் கூட்டி?" என்று உடனே கேட்பது அங்கத்தினரின் கடமை.

மாறும் வட்டி

மேற்கூறிய கணக்கு, வட்டி 20 ஆண்டுகளும் 9 சதவீதமாகவே நிற்கும் என்ற அனுமானத்தில் எழுந்தது. நடைமுறையில் பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டியில் அமைந்தவை. 2019 அக்டோபர் 1 முதல் வர்த்தக வங்கிகள் மாறும் வட்டியில் வழங்கும் புதிய வீட்டுக் கடன்கள், ரெப்போ வீதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் பிணைக்கப்பட்டுள்ளன. ரெப்போ என்பது ரிசர்வ் வங்கி பிற வங்கிகளுக்குக் குறுகிய காலக் கடன் தரும் வட்டி வீதம்.

2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.50 சதவீதமாக உயர்ந்தது. இதன் விளைவை ஒரு கணக்கால் அறியலாம். ஒருவர் 7 சதவீத வட்டியில் ரூ. 10 லட்சம் 20 ஆண்டுக் கெடுவில் பெற்றார், தவணை ரூ. 7,753. ஓராண்டு சென்றபின் பாக்கி ரூ. 9,76,210. இப்போது வட்டி 2.5 சதவீதம் உயர்ந்து 9.5 ஆகிறது எனக் கொள்வோம். அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டி ரூ. 7,728. தவணையை உயர்த்தாமல் விட்டால் அசலில் கழிவது மாதம் 25 ரூபாய்கூட இல்லை! அவ்வேகத்தில் கடன் தீர இன்னும் 60 ஆண்டுகளுக்கு மேலாகும். பேரன் காலத்திலும் கடன் நிற்கும்.

இத்தகைய நிலை கடனாளிக்குத் தெரியாமலே நேர்வதைத் தடுக்க, 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி நெறிமுறைகளை வெளியிட்டது. வட்டி உயரும்போது தவணையை உயர்த்துவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்பதைத் தேர்ந்துகொள்ளும் வாய்ப்பைக் கடனாளிக்கு அளித்தல் வேண்டும். தவணை, குறைந்தது அந்தந்தக் காலத்து வட்டியையாவது ஈடுசெய்தல் வேண்டும் என்பன அவற்றுள் சில. ஆகவே வங்கியிலிருந்து வரும் கடிதத்தையோ குறுஞ்செய்தியையோ படிக்காமல் ஒதுக்கலாகாது. இயன்றவர் தவணையை உயர்த்திக் கெடுவைக் காப்பதே நன்று. 2025-இல் நிகழ்ந்ததுபோல ரெப்போ குறையும் காலத்தில், பழைய தவணையையே தொடர்ந்து கட்டுவது அதனினும் நன்று. குறைந்த வட்டியின் பயன் முழுதும் அசலைக் கரைக்கச் செல்லும்.

ஒத்திவைப்பு விடுமுறை ஆகாது

2020-இல் கொரோனாப் பெருந்தொற்றின்போது, மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதத் தவணைகளை ஒத்திவைக்க ரிசர்வ் வங்கி அனுமதி அளித்தது. தறிகள் நின்று, சந்தைகள் மூடிக் கிடந்த அந்நாளில் அது பலருக்கு உயிர்காத்த உதவி. ஆயினும் தவணை நின்றதேயன்றி வட்டி நிற்கவில்லை. அரசு பின்னர் ரூ. 2 கோடி வரையிலான கடன்களுக்கு ஏற்றுக்கொண்டது வட்டியின் மேல் ஏறிய வட்டியை மட்டுமே.

நம் 9 சதவீதக் கணக்கில், முதல் ஆண்டு முடிந்தவுடன் ஆறு தவணைகளை ஒத்திவைத்தால், பாக்கி ரூ. 9,81,270-லிருந்து ரூ. 10,26,270 ஆக ஏறுகிறது. அதன்பின் பழைய தவணையையே கட்டினால், 228 தவணைகளில் தீர வேண்டிய கடன் 259 தவணைகளில்தான் தீரும். ஆறு தவணை இளைப்பாறியதற்கு விலை 31 கூடுதல் தவணைகள். இடர் வந்தபோது ஒத்திவைப்பை நாடுவது தவறன்று. கையில் பணமிருந்தும் நாடுவதே தவறு.

மறைந்து நிற்கும் செலவுகள்

வட்டி வீதத்தைச் சொல்லும் முறையிலேயே ஒரு மறைவு உண்டு. சிலர் நின்ற பாக்கிக்கு வட்டி கணக்கிடாது, தொடக்க அசலுக்கே கெடு முழுதும் கணக்கிடுவர். ரூ. 10 லட்சத்திற்கு அவ்வாறு 9 சதவீதம் பத்து ஆண்டுகளுக்குக் கணக்கிட்டால் வட்டி ரூ. 9 லட்சம், தவணை ரூ. 15,833. குறையும் பாக்கியின் மேல் கணக்கிடும் முறைக்கு மாற்றிப் பார்த்தால், இது உண்மையில் சுமார் 14½ சதவீத வட்டி. எனவே, "ஒன்பது சதவீதம்" என்றவுடன் "எதன் மேல்?" என்று கேட்க வேண்டும்.

அடுத்து, பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரைக் கட்டணம், மதிப்பீட்டாளர் கட்டணம், ஈட்டுப் பதிவிற்கான முத்திரைத் தீர்வை ஆகியவை. இவற்றையும் சேர்த்தே கடனின் விலையைக் காண வேண்டும். 2024 அக்டோபர் முதல், ரிசர்வ் வங்கியின் கட்டுப்பாட்டிலுள்ள வங்கிகள் வீட்டுக் கடன் பெறுவோருக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கொடுத்தாக வேண்டும். அதில் கடனுக்கான கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டு வீதம் குறிக்கப்பட்டிருக்கும். இரு வங்கிகளை ஒப்பிட விளம்பர வீதத்தை விட்டு இவ்வீதத்தையே எடுத்துக்கொள்க.

ஆயுள் காப்புறுதி மற்றொன்று. குடும்பத் தலைவர் மறைந்தால் வீடு கைவிட்டுப் போகாதிருக்கக் காப்புறுதி மிக அவசியம். ஆனால் அதன் பிரீமியம் முழுவதையும் கடனோடு சேர்த்துவிட்டால், ரூ. 30,000 பிரீமியத்திற்கு 20 ஆண்டுகளில் நாம் கட்டுவது ஏறத்தாழ ரூ. 64,780. இயன்றால் கைப்பணத்தில் கட்டுக. அல்லது ஆண்டுதோறும் செலுத்தும் பாலிசியை விசாரிக்க.

"வீட்டுக் கடனுக்கு வருமான வரிச் சலுகை உண்டு" என்ற பேச்சும் காதில் விழும். வரி கட்டாதவருக்குச் சலுகையால் பயனில்லை. வேளாண் வருமானத்திற்கு மத்திய அரசின் வருமான வரி இல்லை. நெசவாளர் பலரின் வருமானம் வரி வரம்பை எட்டுவதில்லை. மாதச் சம்பளக்காரருக்குச் சொல்லப்படும் அறிவுரையை நாம் அப்படியே ஏற்கலாகாது.

அறுவடைப் பணமும் போனசும்

நம் வருமானம் மாதந்தோறும் ஒரே அளவாக வருவதன்று. அறுவடையில் ஒரு தொகை, தீபாவளியில் போனஸ், பிற நாட்களில் கைக்கும் வாய்க்கும் போதிய கூலி என்பதே நம் நிலை. மாதத் தவணைக்கு இது இடையூறு. முன்கூட்டிக் கட்டுவதற்கோ இதுவே வசதி. தனிநபர் மாறும் வட்டியில் பெற்ற வீட்டுக் கடனை முன்கூட்டித் தீர்த்தால் வங்கிகள் அபராதக் கட்டணம் வசூலிக்கலாகாது என்பது 2012 முதல் உள்ள விதி.

காலத்தின் அருமையை இங்கே காணலாம். நம் 20 ஆண்டுக் கடனில் முதல் ஆண்டு முடிவில் ரூ. 50,000 அதிகமாகக் கட்டினால், கடன் 27 மாதங்களுக்கு மேல் முன்னதாகத் தீர்கிறது. மிஞ்சும் வட்டி சுமார் ரூ. 1,98,000. அதே ரூ. 50,000-ஐப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிஞ்சுவது சுமார் ரூ. 26,000 மட்டுமே. பயிருக்கு உரிய பருவத்தில் விட்ட தண்ணீருக்கும், கதிர் முற்றியபின் விட்ட தண்ணீருக்கும் உள்ள வேற்றுமையே இது. பெருந்தொகை இல்லாதவர் மாதம் ரூ. 1,000 கூடுதலாகக் கட்டினாலும், 20 ஆண்டுக் கடன் ஏறத்தாழ 15½ ஆண்டுகளில் தீரும், சுமார் ரூ. 3 லட்சம் வட்டி மிஞ்சும். கூடுதல் தொகை அசலில் வரவு வைக்கப்படட்டும், தவணை குறையாமல் கெடு குறையட்டும் என்று எழுத்தில் கேட்டு, ரசீது பெறுக.

ஆயினும் சில எச்சரிக்கைகள். இரண்டு வட்டிக்கு வாங்கிய கைமாற்று இருப்பின் முதலில் அதனைத் தீர்க்க. அது ஆண்டுக்கு 24 சதவீதம். விதைக்கும் உரத்திற்கும் நூலுக்கும் வேண்டிய முதலை வீட்டுக் கடனில் கொட்டிவிட்டு, பின்னர் கந்துவட்டிக்குக் கையேந்துவது பேதைமை. குறைந்தது மூன்று மாதத் தவணைக்கான தொகையைச் சேமிப்பில் வைத்த பின்னரே மிச்சத்தை முன்கூட்டிக் கட்டுக.

கணக்கின் மறுபக்கம்

நீண்ட கடன் எப்போதும் நட்டமே என்று நாம் கூறவில்லை. இருபது ஆண்டு கழித்து நாம் கொடுக்கும் ரூபாய், இன்றைய ரூபாயின் வாங்கும் சக்தியைப் பெற்றிராது. கூலியும் விளைபொருள் விலையும் உயருமாயின், அதே ரூ. 8,997 அப்போது இலேசாகத் தோன்றும். வாடகை மிச்சமாவதையும் வரவாகக் கொள்ள வேண்டும். ஆகவே மொத்த வட்டியைக் கண்டு அஞ்சி, குடும்பம் தாங்காத பெருந்தவணையை ஏற்பதும் தவறே. நல்ல மாத வருமானத்தைக் கொண்டன்று, மழை பொய்த்த ஆண்டின் வருமானத்தையும் பாவு கிடைக்காத மாதத்தின் வருமானத்தையும் கொண்டே தவணையை முடிவு செய்க. நல்ல ஆண்டின் மிகுதி, முன்கூட்டிக் கட்ட இருக்கட்டும்.

சங்கம் செய்ய வேண்டுவது

வீட்டுக்கெனக் கூடிச் சேமிக்கும் முறை பழமையானது. 1775-இல் இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரில் ரிச்சர்ட் கெட்லி என்பவரின் விடுதியில் தோன்றியதே, நாம் அறிந்தவற்றுள் முதல் கட்டடச் சங்கம். அத்தகைய தொடக்ககாலச் சங்கங்களில் அங்கத்தினர் மாதந்தோறும் சந்தா செலுத்தினர். சேர்ந்த பணத்தில் ஒவ்வொருவராக வீடு பெற்றனர். அனைவரும் பெற்றபின் சங்கம் கலைந்தது. கடன் கொடுப்போரும் பெறுவோரும் ஒருவரே ஆனபடியால், கணக்கை மறைக்க எவருக்கும் காரணம் இருக்கவில்லை. அவ்வெளிப்படையே கூட்டுறவின் உயிர்.

ஆகவே, வீட்டுக் கடன் பெற எண்ணும் அங்கத்தினர் கையொப்பமிடுமுன் தம் பத்திரங்களைச் சங்கத்திற்குக் கொணர்ந்து, செயலாளரையோ கணக்கறிந்த மற்றோர் அங்கத்தினரையோ கொண்டு சரிபார்த்துக்கொள்ள வேண்டுகிறோம். கடன் தீர்ந்தபின்னும் ஒரு வேலை உண்டு. ரிசர்வ் வங்கியின் விதிப்படி, 2023 டிசம்பர் 1 முதல், கடன் முழுதும் தீர்ந்த 30 நாட்களுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தருதல் வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ. 5,000 ஈட்டுத்தொகை. பத்திரம் கைக்கு வந்து, பதிவலுவலகத்தில் ஈடு நீக்கப்பட்டு, வில்லங்கச் சான்றிலும் அது தெரிந்த பின்னரே வீடு முழுதும் நம்முடையது.

படிப்பு வட்டத்திற்கான வினாக்கள்

1. ரூ. 5 லட்சம் கடன், வட்டி 9 சதவீதம், கெடு 15 ஆண்டு, தவணை ரூ. 5,071. முதல் மாதத் தவணையில் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு? மொத்தம் கட்டுவது எவ்வளவு?

2. உங்கள் குடும்பத்தின் சென்ற மூன்று ஆண்டு வருமானத்தில் மிகக் குறைந்த ஆண்டு எது? அவ்வாண்டில் எவ்வளவு தவணையைத் தாங்கியிருக்க இயலும்?

3. இப்போது வீட்டுக் கடன் உள்ளவர், வங்கியிடமிருந்து கணக்கு விவரம் பெற்று, இன்றைய வட்டி, நிற்கும் அசல், எஞ்சிய தவணைகள் ஆகிய மூன்றையும் எழுதுக. கடன் பெற்ற நாளில் குறித்த கெடுவோடு ஒப்பிடுக. கெடு நீண்டிருப்பின், அடுத்த அறுவடைக்கு முன்னரே வங்கிக்கு எழுதுக.